ராணி கையால் மட்டும்: லெம்பாஸ் ரொட்டியின் நிர்வாக வரலாறு

விழா மலருக்கு நிறுவன வரலாறு எழுத உட்காருகிறவர் நிறுவனர் யார், எந்த ஆண்டு, முதல் தலைவர் யார் என்றுதான் முதலில் விசாரிப்பார். ஜே. ஆர். ஆர். டோல்கீனின் வாசகர்களுக்கு இதில் சிரமமே இல்லை. இங்கிலாந்தில் வேரா சாப்மன் 1969-இல் டோல்கீன் சங்கத்தைத் தொடங்கினார். கௌரவத் தலைவர் டோல்கீனே. அவர் 1973-இல் மறைந்த பிறகும் அந்த நாற்காலியை வேறு யாருக்கும் கொடுக்கவில்லை. ஜனவரி 3, அவர் பிறந்த நாள். அன்று இரவு ஒன்பது மணிக்கு அன்பர்கள் அவரவர் ஊரில் கோப்பையை உயர்த்தி அவரை நினைக்கிறார்கள்.

ஆனால் டோல்கீன் கற்பனையில் கட்டிய உலகத்துக்குள்ளேயே இதைவிடப் பழைய, இதைவிடக் கறாரான நிறுவனம் ஒன்று உண்டு. எல்ஃப் இனத்தாரின் லெம்பாஸ் ரொட்டியைச் சுற்றி அமைந்தது அது. சங்கப் பதிவு கிடையாது. சட்டதிட்டம் மட்டும் ஏராளம்.

அந்தச் சட்டதிட்டத்தை டோல்கீன் ஒரு சிறு குறிப்பாக எழுதி வைத்திருந்தார். மகன் கிறிஸ்டோபர் 1996-இல் வெளியிட்ட தொகுப்பில்தான் அது அச்சேறியது. பயிர்களின் தேவதையான யவன்னா, தேவர்களின் நாட்டில் விளைந்த ஒரு தானியத்தை, நெடும்பயணம் புறப்பட்ட எல்ஃப்களுக்கு ஒரோமே என்னும் தேவன் கையில் கொடுத்தனுப்புகிறாள். ஸ்தாபன வரலாறு அவ்வளவுதான். பிறகு விவசாயம் தொடங்குகிறது. குறிப்பின் அழகே அங்குதான். உறைபனிக் காலம் தவிர எப்போது விதைத்தாலும் முளைக்கும். கொஞ்சம் வெயில் பட்டால் போதும், கதிர் முற்றிவிடும். ஆனால் மற்ற செடிகளின் நிழல் ஆகாது. தீயவன் மோர்கோத் வடக்கே இருந்த காலத்தில் வாடைக்காற்றும் ஆகாது. பொன்னிறக் கதிர்களை ஒவ்வொன்றாகக் கையால் பறிக்க வேண்டும். இரும்போ வேறு உலோகமோ படக் கூடாது என்பதால் அரிவாளுக்கு வேலையே இல்லை. வெள்ளைத் தாளையும் கையாலேயே பிடுங்கி, அதிலேயே கூடை முடைந்து, அதே தானியத்தை அதில் சேமிப்பார்கள். அந்தக் கூடையைப் புழு அரிக்காது, எலி கடிக்காது, பூஞ்சணம் பிடிக்காது. கதிர் பறிப்பது முதல் ரொட்டி ஆகும்வரை யவன்னாவின் கன்னியர் தவிர வேறு கை படக் கூடாது. செய்முறை அவர்களுக்குள் ரகசியம். டோல்கீனும் நமக்குச் சொல்லவில்லை. வெண்ணெயும் சர்க்கரையும் போட்டு ரசிகர்கள் வீட்டில் சுட்டெடுப்பதை நான் குறை சொல்லவில்லை; அது நல்ல பிஸ்கட்.

லெம்பாஸை வைத்திருப்பதும் வழங்குவதும் அரசியின் உரிமை, அரசனுக்கில்லை. பெறத் தகுதி உள்ளவர்கள் இரண்டே வகை: காட்டு வழியில் நெடுந்தொலைவு போகிறவர்களும், உயிருக்குப் போராடும் காயம்பட்டவர்களும். மனிதருக்குக் கொடுப்பதே அரிது. அடிக்கடி தின்றால் சாகப் பிறந்த வாழ்க்கையே சலித்துப்போய், எட்டாத தேவநாட்டுக்கு ஏங்கத் தொடங்கிவிடுவார்களாம். அந்த விதியை முதலில் தளர்த்தியவள் அரசி மெலியன். தூரின் என்ற மனிதனுக்காக, அவனைத் தேடிப் போன பெலெக்கிடம் கொடுத்தனுப்பினாள். வெள்ளி இலையில் சுற்றி, கட்டிய நூலின் முடிச்சுகளில் ஒற்றைப் பூ வடிவ வெள்ளை மெழுகு முத்திரை வைத்த பொதி அது. 1977-இல் வெளிவந்த 'தி சில்மரில்லியன்' அதை அவள் காட்டிய மிகப் பெரிய சலுகையாகவே பதிவு செய்கிறது.

பின்னாளில், 'தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' கதையில், எல்ஃப் தலைவி கலாட்ரியலின் லோத்லோரியன் நாட்டிலிருந்து எட்டுப் பேர் கொண்ட பயணக்குழு புறப்படும்போது சலுகை தாராளமாகிறது. அந்த எட்டில் எல்ஃப் ஒருவர்தான், லெகோலஸ். குள்ளர் இனத்துக் கிம்லி முதலில் அதை 'கிராம்' என்று நினைத்து மூக்கைச் சுளிக்கிறான். 1937-இன் 'தி ஹாபிட்'டில் வரும் அந்தப் பிஸ்கட் கெட்டுப்போகாது, பசி தாங்கும், தாடைக்கு நல்ல பயிற்சி, வேறு சிறப்பில்லை. லெம்பாஸைக் கடித்துப் பார்த்த கிம்லி முழுவதையும் தின்று தீர்த்துவிடுகிறான். ஒரு நாள் முழுக்க நடக்கத் தேவையானதை இப்போதே தின்றுவிட்டாய் என்று எல்ஃப்கள் சிரிக்கிறார்கள். அதே ரொட்டி, கதையில் வரும் கொல்லம் என்ற இழிந்த பிராணிக்குத் தொண்டையில் இறங்கவில்லை. சாம்பலும் புழுதியுமாய்ப் பட்டது.

இந்தக் கதையைத் திரைப்படமாக்க ஒருவர் எழுதிய சுருக்கத்தில் லெம்பாஸை 'செறிவூட்டிய உணவு' என்று குறிப்பிட்டிருந்தார். 1958-இல் அதை விமர்சித்து எழுதியபோது டோல்கீனுக்குக் கோபம் வந்துவிட்டது. கையில் கட்டுச்சோறு அதிகமில்லாமல் நெடுவழி நடக்க வைக்கும் கதை உத்தி அது என்பதை அவர் மறுக்கவில்லை. ஆனால் அதற்குச் சமயச் சார்பான பெரிய பொருள் ஒன்றும் உண்டு, அதை ரசாயனமாக்கக் கூடாது என்றார். கத்தோலிக்கர் அல்லவா! கதையின் கடைசிப் பகுதியில், அந்த எட்டுப் பேரில் இருவரான ஃப்ரோடோவும் சாமும் வேறு உணவில்லாமல் இதை மட்டுமே நம்பி நடக்கும்போது ரொட்டியின் பலம் கூடுகிறது. பசி அடங்குவதில்லை, மனம்தான் உறுதிப்படுகிறது.

அந்தச் சுருக்கம் படமாகவில்லை. 2001-இல் வெளிவந்த பீட்டர் ஜாக்சன் படத்தின் நீண்ட வடிவத்தில், ஒரு கடி கடித்தால் வளர்ந்த மனிதனின் வயிறு நிறையும் என்று லெகோலஸ் விளக்குகிறான். குழுவில் ஒருவனான பிப்பின் அதற்குள் நான்கு ரொட்டிகளை முடித்திருக்கிறான். சிரிப்புக்கு உத்தரவாதமான வசனம்தான், ஆனாலும் கணக்கு மறுபடி வயிற்றுக்கே வந்துவிட்டது.