அழிக்க முதல் ஆரிட்டக் குடுத்து வைக்கிறது? ‘நியூ கேம்’ பற்றி ஒரு சின்ன வரலாறு

1996 பெப்ரவரி 27 அன்று யப்பானில் கேம் போய்க்காக வெளியான போக்கிமொன் ரெட், கிறீன் இரண்டிலும் ஒரேயொரு சேவுக்குத்தான் இடமிருந்தது. கதையை முடித்துவிட்டீர்கள், திரும்ப முதலில் இருந்து விளையாட ஆசை, போனமுறை நெருப்புப் போக்கிமொனோடு தொடங்கியதால் இந்தமுறை தண்ணீர்ப் போக்கிமொனோடு போய்ப் பார்க்கலாம் என்று நினைக்கிறீர்கள். போகலாம். ஆனால் புதிய ஆட்டத்தை முதன்முதல் சேவ் பண்ணும் கணத்தில் பழையது அழிந்துவிடும். நூறாம் லெவல் வரை வளர்த்த சரிஸார்ட், கையில் இருந்த ஒரேயொரு மாஸ்டர் போலை எறிந்து பிடித்த மியூற்டூ, யோசித்து யோசித்து வைத்த செல்லப்பெயர்கள், எல்லாம் போய்விடும். பழைய ஃபைல் அழியப்போகுது, ஓமா எண்டு கேம் ஒருக்கால் கேக்கும். அவ்வளவுதான்.

கேம்களின் வரலாற்றை எழுதுகிறவர்கள் கிராபிக்ஸ் எப்படி மாறியது, எந்தக் கொம்பனி எந்தக் கொம்பனியை வென்றது என்று எழுதுவார்கள். நாங்கள் இங்கே பார்க்க நினைப்பது அதைவிடச் சின்னதொரு விசயம். புதிதாகத் தொடங்க வேணும், ஆனால் சேர்த்ததை இழக்கக்கூடாது என்ற ஆசைக்கு கேம்கள் என்ன பதில் சொல்லி வந்திருக்கின்றன, சேர்த்த அந்தப் பொருள் எங்கே, யாருடைய கையில் இருந்தது என்பது.

முதலில் அது விளையாடுகிறவரின் கொப்பியில் இருந்தது. 1986 மே மாதம் எனிக்ஸ் வெளியிட்ட ட்ராகன் குவெஸ்ற் விளையாட்டின் கசெற்றில் எதையும் சேமிக்க வழியில்லை. அதனால் நிறுத்தும்போது கேம் 20 யப்பானிய எழுத்துகளைக் கொண்ட ஒரு தொடரைத் தரும். அதை ‘உயிர்ப்பிக்கும் மந்திரம்’ என்றார்கள். அடுத்த நாள் அதே 20 எழுத்தையும் பிழையில்லாமல் பதிந்தால் விட்ட இடத்துக்கு வரலாம். அடுத்த வருசம் வந்த இரண்டாம் பாகத்தில் இந்த மந்திரம் 52 எழுத்து வரை நீண்டது. அந்தக் காலத்து மங்கலான ரீவித் திரையில் ஒன்றைப்போல் ஒன்று தெரியும் எழுத்துகளில் ஒன்றை மாற்றி எழுதினாலும் சரி, அத்தனை மணித்தியாலமும் காற்றில். ஆனால் இந்த முறைக்கு ஒரு பெருந்தன்மை உண்டு. ஒருதரம் எழுதி வைத்தால் அது உங்களுடையது. எத்தனை தரம் புதிதாகத் தொடங்கினாலும் அந்தத் தாள் அழியாது. பக்கத்து வீட்டுப் பிள்ளைக்கும் பார்த்து எழுதக் குடுக்கலாம்.

1988 பெப்ரவரியில் வந்த மூன்றாம் பாகம் மந்திரத்தைக் கைவிட்டது. கசெற்றுக்குள் ஒரு சின்னப் பற்றரியை வைத்தார்கள். மின்சாரம் நின்றாலும் நினைவகத்தை அது உயிரோடு வைத்திருக்கும். மூன்று ‘சாகசப் புத்தகங்கள்’ அதற்குள் இருந்தன. வசதிதான். ஆனால் கசெற்றைக் கொஞ்சம் முரட்டுத்தனமாகக் கையாண்டால் புத்தகம் அழிந்துபோகும். அழிந்தால் கேம் சும்மா இருக்காது, சபிக்கப்பட்ட ஆயுதத்தைப் போட்டுக்கொள்ளும்போது வரும் அதே பயங்கரமான இசையை வாசித்து, உங்கள் புத்தகம் மறைந்துவிட்டது என்று அறிவிக்கும். அந்தத் தலைமுறை யப்பானியர்கள் அந்த இசையை இன்றைக்கும் பேய்க்கதை மாதிரிச் சொல்லுவார்கள்.

போக்கிமொனும் பற்றரியில் ஓடியதுதான். அதன் சேவ் நினைவகம் மொத்தமே 32 கிலோபைற். இண்டைக்கு வட்ஸ்அப்பில் வரும் ஒரு காலை வணக்கப் படம் இதைவிடப் பெரிசு. கையில் கொண்டுதிரியும் 6 போக்கிமொனையும் பெட்டிகளில் போடக்கூடிய 240 போக்கிமொனையும், ஒவ்வொன்றின் பெயர், லெவல், கற்ற தாக்குதல்கள் சகிதம் இதற்குள் அடக்க வேண்டும். இரண்டாவது சேவுக்கு இடம் எங்கே கிடக்கு?

ஆனால் கேம் போய்க்கு ஒரு கேபிள் இருந்தது. 1989 இல் கேம் போய் வந்த காலத்திலேயே இரண்டு பேர் சேர்ந்து டெற்றிஸ் விளையாடுவதற்காகச் செய்த கேபிள். போக்கிமொனை உருவாக்கிய சதோஷி தஜிரி சின்ன வயதில் பூச்சி பிடித்துத் திரிந்தவர். இந்தக் கேபிளைக் கண்டபோது அதன் வழியே பூச்சிகள் ஒரு பெட்டியில் இருந்து மற்றப் பெட்டிக்கு ஊர்ந்து போவதைக் கற்பனை செய்ததாக அவரே சொல்லியிருக்கிறார். ரெட்டில் இருக்கும் சில போக்கிமொன் கிறீனில் இல்லை, கிறீனில் இருப்பது ரெட்டில் இல்லை. எல்லாவற்றையும் சேர்க்க வேண்டுமென்றால் இன்னொரு ஆளைத் தேடிப் போகத்தான் வேண்டும். அதுதான் அவர் போட்ட திட்டம். பிள்ளைகள் அதே கேபிளுக்கு இன்னொரு வேலையையும் கண்டுபிடித்தார்கள். அது கேமின் கையேட்டில் இருக்கவில்லை.

வேலை இதுதான். புதிதாகத் தொடங்க முதல் நண்பனிடம் போகிறீர்கள். உங்கள் சரிஸார்டை அவனுக்குக் கொடுக்கிறீர்கள், அவன் காட்டில் பிடித்த ஒன்றுக்கும் உதவாத ஒரு ரற்றாற்றாவை உங்களுக்குத் தருகிறான். கொடுத்தால் வாங்கத்தான் வேணும், இனாமாக அனுப்ப வழியில்லை. இப்படி ஒவ்வொன்றாக உங்களுக்குப் பெறுமதியான எல்லாம் அவன் பக்கம் போய்ச் சேரும். பிறகு உங்கள் ஆட்டத்தை அழிக்கிறீர்கள். உடனே திருப்பி எடுக்கவும் ஏலாது. புதிய ஆட்டத்தில் முதல் போக்கிமொனை எடுத்து, அடுத்த ஊருக்குப் போய்ப் பேராசிரியரின் பொதியை வாங்கி வந்து கொடுத்து, அவர் போக்கிடெக்ஸைத் தந்த பிறகுதான் கேபிள் கவுண்டரில் இருக்கும் பெண் உங்களை உள்ளே விடுவாள். அதுவரைக்கும் நீங்கள் ஒன்றுமில்லாதவர். உங்களுடையதெல்லாம் நண்பனின் பெட்டியில் கிடக்கும். அவன் கோபித்துக்கொண்டால்? அவன்ர தம்பி அவன்ர கசெற்றையும் அழிச்சால்? நகையைப் பக்கத்து வீட்டில் குடுத்து வைச்சிட்டுப் பயணம் போற மாதிரித்தான், திரும்பி வந்து கேக்கும்வரை நெஞ்சு இடிக்கும்.

சரி, திருப்பி வாங்கியாயிற்று. நூறாம் லெவல் சரிஸார்ட் கையில். இனி எல்லாரையும் அடித்து நொறுக்கலாம் என்றால், அது உங்கள் சொல் கேட்காது. போரின் நடுவில் நித்திரை கொள்ளும், முகத்தைத் திருப்பும்.

காரணம் இதுதான். ஒவ்வொரு புதிய ஆட்டத்திலும் கேம் உங்களுக்கு ஓர் அடையாள இலக்கத்தைத் தற்செயலாகத் தரும். பிடிக்கும் ஒவ்வொரு போக்கிமொனிலும் அந்த இலக்கமும் உங்கள் பெயரும் பதியப்படும். புதிய ஆட்டத்தில் நீங்கள் அதே பெயரை எழுத்துப் பிசகாமல் வைத்தாலும் இலக்கம் வேறு. ஆகவே சரிஸார்டின் கணக்கில் நீங்கள் அந்நியர். பிறத்தியாரிடம் இருந்து வந்த போக்கிமொன் பட்ஜ் ஒன்றும் இல்லாதவரிடம் 10 ஆம் லெவல் வரைதான் கட்டாயம் கீழ்ப்படியும். இரண்டாவது பட்ஜ் கிடைத்தால் 30 வரை, நாலாவதுக்கு 50, ஆறாவதுக்கு 70. எட்டையும் எடுத்த பிறகுதான் நூறாம் லெவல் உங்களுக்குப் பணியும். அதாவது நீங்களே வளர்த்த பிராணியின் மரியாதையை நீங்களே இரண்டாம் முறை சம்பாதிக்க வேண்டும். செல்லப்பெயரை மாற்றித் தரும் ஆளிடம் கொண்டு போனாலும், வேறொருவரின் போக்கிமொன் என்பதால் மாற்றித் தரமாட்டார். அந்த ‘வேறொருவர்’ அழிக்கப்பட்ட உங்கள் பழைய ஆள்.

கள்ளத்தனத்தைத் தடுக்கப் போட்ட ஒரு சாதாரண விதிதான் இது. வளர்ந்த போக்கிமொனை நண்பனிடம் வாங்கிக்கொண்டு வந்து சின்னப்பிள்ளைகள் கேமை ஒரேயடியாக முடித்துவிடக்கூடாது என்பதற்காக. ஆனாலும் எங்களுக்கு இது கேம் வரலாற்றின் மிக நேர்மையான விதிகளில் ஒன்றாகப் படுகிறது. கொண்டுவரலாம், ஆனால் கொண்டுவந்தவுடன் அது உனக்கு வேலை செய்யாது.

இதற்கு ஒரு வருசம் முன்னர், 1995 மார்ச்சில், ஸ்குவெயர் கொம்பனியின் க்றோனோ ட்ரிகர் நேரெதிரான பதிலைக் கொடுத்திருந்தது. கதையை ஒருதரம் முடித்தவர்களுக்கு மெனுவில் ஒரு புதிய வரி திறக்கும். யப்பானில் அதன் பெயருக்கு ‘பலத்தோடு புதிய ஆட்டம்’ என்பது போலப் பொருள். ஆங்கிலத்தில் நியூ கேம் பிளஸ். அந்தப் பெயர் இன்றைக்குப் பொதுச்சொல் ஆகிவிட்டது. கதை முதலில் இருந்து தொடங்கும். அம்மா வந்து யன்னலைத் திறந்து, திருவிழாவுக்கு எழும்பு மகன் என்பார். மகனோ போனமுறை உலகத்தைக் காப்பாற்றிய வாளை ஏற்கெனவே வைத்திருக்கிறான். லெவல்கள், கற்ற வித்தைகள், ஆயுதங்கள் எல்லாம் அப்படியே. திருவிழா மைதானத்தில் இருந்தே நேராகக் கடைசி எதிரியான லாவோஸிடம் போகவும் முடியும். எந்தக் கட்டத்தில் அவனை வெல்கிறீர்கள் என்பதைப் பொறுத்து முடிவு மாறும், பத்துக்கும் மேற்பட்ட முடிவுகள். காலப்பயணக் கதைக்கு இதைவிடப் பொருத்தமான பரிசு இல்லை. ஆனால் பின்னாளில் கதையோடு ஒட்டாமல் இதைச் சும்மா சேர்த்துவிட்ட கேம்கள் ஏராளம். அவற்றில் இரண்டாம் முறை விளையாடுவது, ஏற்கெனவே விடை தெரிந்த பரீட்சையைத் திரும்ப எழுதுவது போலத்தான்.

ஒன்றையும் விட்டுவைக்காத மரபும் இருந்தது. 1980 அளவில் கலிபோர்னியப் பல்கலைக்கழக மாணவர்கள் எழுதிய றோக் விளையாட்டில் சேவ் ஃபைலைத் திறந்த உடனே அது அழிக்கப்படும். செத்தால் செத்ததுதான். (பல்கலைக்கழகப் பெடியள் கம்பஸ் கொம்பியூட்டரில் செய்த வேலை எண்டதால எங்களுக்கு இதில ஒரு தனிப் பாசம்.) முப்பது வருசத்துக்கு மேல் கழித்து அந்தக் கடுமையை இளக்கினார்கள். 2013 இல் வந்த றோக் லெகசியில் வீரன் செத்தால் அவனுடைய வாரிசு வருவான், தகப்பன் சேர்த்த பொன்னில் குடும்பக் கோட்டையைப் பலப்படுத்திவிட்டுப் புறப்படுவான். மிஞ்சிய பொன்னை வாசலில் நிற்பவன் வாங்கிக்கொள்வான். 2020 இன் ஹேடீஸில் சாவு என்பதே வீட்டுக்குத் திரும்பும் வழி.

யோகோ தாரோ என்ற இயக்குநர் இந்த முழு ஆசையையும் தலைகீழாக்கினார். 2010 இல் வந்த நியரின் நாலாவது முடிவில், ஒரு பாத்திரத்தைக் காப்பாற்றுவதற்கு உங்கள் சேவ் முழுவதையும் விலையாகக் கேட்பார்கள். ஓம் என்றால் உண்மையிலேயே அழித்துவிடும். 2017 இன் நியர்: ஒட்டோமற்றாவில் இன்னும் ஒரு படி மேலே. கடைசிக் கட்டத்தில் முகம் தெரியாத யாரோ தங்கள் சேவைக் கொடுத்து உங்களுக்கு உதவியிருப்பார்கள். பிறகு, நீயும் உன்னுடையதை இன்னொரு முகம் தெரியாதவருக்காகக் கொடுப்பாயா என்று கேம் கேட்கும்.

எங்கட பக்கத்தில் எங்களில் பலருக்குப் போக்கிமொன் வந்தது கேபிளோடு இல்லை. போனில் ஓடும் எமுலேற்றரில்தான். அங்கே சேவ் என்பது வெறும் ஒரு ஃபைல், கொப்பி பண்ணி வேறொரு ஃபோல்டரில் போட்டால் முடிந்தது. வைஸ் சிற்றியின் சேவைப் பென் டிரைவில் கொண்டு திரிந்தவர்களுக்கும் இது தெரியும். முப்பது வருசத்துக்கு முன்னர் கொப்பியில் எழுதிய மந்திரம் போல, அது திரும்பவும் எங்களிடமே இருந்தது. ஆனால் அதற்குப் பிறகு வந்த ஒன்லைன் கேம்களில் அந்த ஃபைலைக் காணவே முடியாது. கெஸ்ற் அக்கவுன்றில் விளையாடிவிட்டுப் போனை றீசெற் பண்ணினவர்களைக் கேட்டால் சொல்லுவார்கள். சேர்த்தது எல்லாம் சேர்வரில். யுபிசொஃப்ற் 2014 இல் வெளியிட்ட த க்றூ என்ற காரோட்டக் கேமின் சேர்வர்கள் 2024 மார்ச் 31 உடன் நிறுத்தப்பட்டன. தனியாக விளையாடுவதற்கும் சேர்வர் தேவைப்பட்டதால், காசு கொடுத்து வாங்கியவர்களுக்குக் கூட அதற்குப் பிறகு ஓட்ட ஒரு தெருவும் இல்லை. அங்கே புதிதாகத் தொடங்குவதா வேண்டாமா என்பதை விளையாடுகிறவர் தீர்மானிக்கவில்லை.

போக்கிமொனும் அந்தப் பக்கம்தான் போனது. நண்பனின் பெட்டி இருந்த இடத்துக்கு 2013 இன் கடைசியில் போக்கிமொன் பாங்க் வந்தது, 3,000 போக்கிமொனுக்கு இடம், வருசா வருசம் கட்டணம். 2020 இல் போக்கிமொன் ஹோம், இலவசமாக 30 க்கும் காசுக்கு 6,000 க்கும் இடம். வசதியைக் குறை சொல்ல ஏலாது. தம்பி அழிச்சுப்போடுவான் எண்ட பயம் இல்லை. 2002 இல் ரூபியில் பிடித்த ஒரு போக்கிமொனைப் பழைய டிஎஸ், 3டிஎஸ், பாங்க், ஹோம் என்று ஒவ்வொரு வாசலாகக் கடத்தி இன்றைய ஸ்விச்சுக்குக் கொண்டுவரலாம். எல்லாம் ஒருவழிப் பாதை, திரும்பிப் போக முடியாது. அதிலும் 3டிஎஸ் கடை 2023 மார்ச்சில் மூடப்பட்ட பிறகு, முன்னரே பாங்கை இறக்கி வைத்திராதவர்களுக்கு அந்த வாசல் இல்லை.

1996 கசெற்றில் இருக்கும் சரிஸார்டுக்கு இந்தப் பாதையே கிடையாது. ரூபியின் காலத்தில் பழைய கசெற்றுகளோடு தொடர்பை அறுத்துவிட்டார்கள். அதற்கு இன்றைக்கும் இருக்கும் ஒரே வழி பழைய கேபிளும், அதே மாதிரி இன்னொரு கசெற் வைத்திருக்கும் இன்னொரு ஆளும், இரண்டு பேரின் பற்றரியும் சாகாமல் இருப்பதும்தான். அப்படி எங்காவது ஒரு பெட்டியில் இன்னும் கிடக்கிறது என்றால், அதன் விபரப் பக்கத்தைத் திறந்து பாருங்கள். பிடித்தவரின் பெயர் என்ற இடத்தில், எப்போதோ அழிக்கப்பட்ட ஓர் ஆட்டத்தில் ஒரு பிள்ளை தனக்கு வைத்துக்கொண்ட பெயர் அப்படியே இருக்கும். பக்கத்தில் அந்த ஐந்து இலக்க எண்ணும்.