வெட்டுத்துண்டு முறையும் உற்பத்தித் திட்டமிடலும்

ஒரு நேர்க்கோடு இரு அச்சுகளையும் வெட்டும் புள்ளிகளைக் கண்டு, அவற்றை இணைத்து வரைபடம் வரைவது வெட்டுத்துண்டு முறை ஆகும். இரு மாறிகளில் அமைந்த ஒருபடிச் சமன்பாடு நேர்க்கோட்டைக் குறிக்கும் என்பதை 17ஆம் நூற்றாண்டில் பிரெஞ்சுக் கணிதவியலாளர் பியேர் டி பெர்மா காட்டினார். ரெனே டேக்கார்ட்டின் வடிவியல் நூல் 1637இல் வெளிவந்தது. எனினும் இன்றைய பாடநூல்களில் உள்ள இரு அச்சு வழக்கம் பின்னரே நிலைபெற்றது.

1939இல் சோவியத் கணிதவியலாளர் லியோனிட் கன்டரோவிச், ஒட்டுப்பலகை ஆலையின் இயந்திர நேரத்தைப் பங்கிடும் சிக்கலிலிருந்து நேரியல் திட்டமிடலுக்கு அடித்தளமிட்டார். 1947இல் அமெரிக்கரான ஜார்ஜ் டான்சிக் சிம்ப்ளெக்ஸ் முறையை உருவாக்கினார்.

திருப்பெரும்புதூர் அருகே இருங்காட்டுக்கோட்டையில் ஹூண்டாய் ஆலை 1998இலும், ஒரகடத்தில் ரெனோ-நிசான் ஆலை 2010இலும் உற்பத்தியைத் தொடங்கின. இத்தகைய ஆலைகளுக்கு உதிரிபாகம் செய்யும் பட்டறை ஒன்றைக் கற்பனை செய்வோம். இயந்திரம் வாரத்தில் 60 மணி நேரம் ஓடும். முதல் பாகத்திற்கு 2 மணி, இரண்டாம் பாகத்திற்கு 3 மணி தேவை. முதல் பாகத்தை மட்டும் செய்தால் 30. இரண்டாவதை மட்டும் செய்தால் 20. இவையே வெட்டுத்துண்டுகள். இவற்றை இணைக்கும் கோட்டின் மீதும் கீழும் உள்ளவை இயலும் திட்டங்கள்; கோட்டைத் தாண்டியவை அந்த நேரத்தில் முடியாதவை.

ஆதிப்புள்ளி வழியே செல்லும் கோட்டிற்கு இரு வெட்டுத்துண்டுகளும் சுழியம். ஆகவே அதை வரைய மற்றொரு புள்ளி வேண்டும். மாறிகள் பல சேரும்போது தாளில் வரைய இயலாது. அங்கே கணினி அப்பணியை ஏற்கிறது.