லயத்துக்கு வராத ஆட்டம்

2023 அக்டோபர் 23. சென்னை சேப்பாக்கத்தில் உலகக் கோப்பை ஆட்டம். பாகிஸ்தான் எடுத்த 282 ஓட்டங்களைத் துரத்த ஆப்கானிஸ்தானின் தொடக்க ஜோடி இறங்கியது. இப்ராஹிம் ஸத்ரான், ரஹ்மானுல்லா குர்பாஸ். இருவருக்கும் 22 வயது நிறையவில்லை. முதல் விக்கெட்டுக்கே 130 ஓட்டங்கள் சேர்த்தார்கள். இப்ராஹிம் 87 எடுத்தார். எட்டு விக்கெட் வித்தியாசத்தில் வெற்றி. ஆட்ட நாயகன் விருது வாங்க வந்த அந்தப் பையன், பாகிஸ்தானிலிருந்து ஊருக்குத் திருப்பி அனுப்பப்படும் ஆப்கானியர்களுக்கு அந்த விருதைச் சமர்ப்பிப்பதாகச் சொன்னான்.

மலேசியாவின் சிரம்பானில் வீட்டுத் தொலைக்காட்சி முன்னால் உட்கார்ந்திருந்த எனக்கு 1970 வந்து நின்றது. 1968-இல் கொண்டுவந்த சட்டப்படி, குடியுரிமை இல்லாத சிவப்பு அடையாள அட்டைக்காரர்கள் வேலை செய்ய பெர்மிட் எடுக்க வேண்டியிருந்தது. 1969 மே கலவரத்துக்குப் பிறகு அது இறுகிவிட்டது. தோட்டங்களில் வேலை செய்துகொண்டிருந்த சுமார் 60,000 பேர் இந்தியாவுக்குத் திரும்பிப் போனார்கள். ரந்தாவ் பக்கத்தில் நாங்கள் இருந்த தோட்டத்திலும் பல வீடுகளுக்குப் பூட்டு விழுந்தது. எங்கள் தோட்டத்துக் காற்பந்துக் குழுவின் கோல் கீப்பர் அண்ணன், தன் பூட்ஸை என் கையில் கொடுத்துவிட்டு ரஜுலா கப்பல் ஏறப் போனார். அவர் பார்த்தறியாத ஊருக்கு அவரை 'திருப்பி' அனுப்பினார்கள். இங்கே பிறந்தவர் அவர்.

ஆப்கானியர்களின் அகதி முகாமும் எங்கள் தோட்டத்து லயமும் (தொழிலாளர் வரிசை வீடுகள்) ஒன்று என்று நான் சொல்லவில்லை. ஆனால் இரண்டிலும் பிள்ளைகள் உண்டு, வறுமை உண்டு, 'நாளைக்கு இங்கே இருப்போமா' என்ற கேள்வி உண்டு. முகாமில் பிறந்த கிரிக்கெட் ஒரு தலைமுறைக் காலத்தில் ஒரு நாட்டை டெஸ்ட் அந்தஸ்துக்குக் கொண்டுபோனது. எங்கள் மாநிலமான நெகிரி செம்பிலானுக்கோ அந்த ஆட்டம் துரைமாரோடு ஒரு நூற்றாண்டுக்கு முன்பே வந்துவிட்டது. அப்படியிருந்தும் லயத்துக்குள் அது ஏன் வரவில்லை?

சிரம்பானிலிருந்து போர்ட்டிக்சனுக்கு ரயில் ஓடத் தொடங்கியது 1891-இல். ரந்தாவ், சிலியாவ் வழியாகப் போகும் அந்தத் தண்டவாளத்தின் இரண்டு பக்கமும் முதலில் காப்பி, பிறகு ரப்பர் என்று காடு திருத்தப்பட்டது. துரைமார் வந்த இடத்தில் கிளப் வந்தது. கிளப் வந்த இடத்தில் ஒரு திடல் வந்தது. கோலாலம்பூரில் சிலாங்கூர் கிளப் 1884-இலேயே தொடங்கிவிட்டது. இங்கே சிரம்பானில் சுங்கை ஊஜோங் கிளப். வாரக் கடைசியில் ஒரு மாவட்டத்துத் துரைமார் இன்னொரு மாவட்டத்துத் துரைமாரோடு ஆடுவார்கள்.

என் அப்பா பால்மரம் வெட்டியவர். ஆனால் இளவட்டமாக இருந்தபோது சில காலம் துரைமார் திடலில் புல் வெட்டவும் ரோலர் இழுக்கவும் அவரைப் போட்டிருந்தார்கள். ஆறு பேர் சேர்ந்து இழுக்கிற இரும்பு ரோலர். ஆட்டத்துக்கு முதல் நாள் மாலை தென்னங்கயிற்றுப் பாயை விரித்து நான்கு பக்கமும் ஆணி அடிக்க வேண்டும். மழை வந்தால் ஓடிப்போய்ச் சுருட்ட வேண்டும். எத்தனையோ ஆட்டங்களை எல்லைக் கோட்டுக்கு வெளியே நின்று பார்த்திருக்கிறார். ஓவர், எல்.பி.டபிள்யூ, ஸ்லிப் எல்லாம் அவருக்குத் தெரியும். ஒரு நாள் கேட்டேன்:

"ஏம்ப்பா, நீங்க ஒரு தடவகூட மட்டையப் புடிச்சதில்லையா?"

"புடிச்சிருக்கேன்டா. தொரை பங்களாவுல இருந்து திடலுக்குத் தூக்கிட்டுப் போவேன்ல."

அப்பா அதை வருத்தமாகச் சொல்லவில்லை. நான்தான் இன்றுவரை அதை வருத்தத்தோடு சுமக்கிறேன்.

துரைக்கு அடுத்த படியில் கிராணிமார், அதாவது தோட்டத்து எழுத்தர்கள். அந்த வேலைக்கு ஆங்கிலம் வேண்டும். யாழ்ப்பாணத்து மிஷன் பள்ளிகளில் படித்தவர்களும் மலையாளிகளும் அந்த நாற்காலிகளுக்கு வந்தார்கள். யாழ்ப்பாணத்தார் வரும்போதே கிரிக்கெட்டையும் கொண்டுவந்தார்கள். அவர்கள் பேச்சில் அடிக்கடி வரும் பெயர் மகாதேவ சதாசிவம். 1947-இல் இதே சேப்பாக்கத்தில் தென்னிந்திய அணிக்கு எதிராக இலங்கைக்காக 215 ஓட்டங்கள் எடுத்தவர் அவர். பிற்பாடு இந்தப் பக்கம் வந்து சிங்கப்பூருக்கும் மலாயாவுக்கும் தலைமை தாங்கினார். மூன்று நாட்டு அணிகளுக்குத் தலைவராக இருந்த தமிழர். எங்கள் தோட்டத்துப் பெரிய கிராணி ஐயா அவர் பெயரைச் சொல்லும்போது நாற்காலியில் நிமிர்ந்து உட்காருவார்.

கிராணிமார் பிள்ளைகள் சிரம்பானுக்குப் போய் ஆங்கிலப் பள்ளியில் படித்தார்கள். கிங் ஜார்ஜ் பள்ளி, செயின்ட் பால்ஸ் பள்ளி. அங்கே வெள்ளைக் கால்சட்டை, பேட், கையுறை, சொல்லிக்கொடுக்க ஒரு மாஸ்டர். ஆட்டத்துக்குள் போகிற வாசல் அங்கேதான் இருந்தது. எங்களுக்கு என்ன இருந்தது? 7 வயதிலிருந்து 14 வயது வரையுள்ள பிள்ளைகள் பத்துப் பேருக்குக் குறையாமல் இருந்தால் தோட்ட நிர்வாகம் ஒரு பள்ளிக்கூடம் வைக்க வேண்டும் என்று 1923-ஆம் ஆண்டுத் தொழிலாளர் சட்டம் சொன்னது. வைத்தார்கள். தகரக் கூரை, ஒரே வாத்தியார், ஒரே அறையில் எல்லா வகுப்பும். ஆறாம் வகுப்போடு படிப்பு முடியும். அதற்கு முன்பே பால் சுமக்கும் காண்டா வாளி தூக்கப் போன பிள்ளைகள்தான் அதிகம். நாடு விடுதலை அடைந்த பிறகும், தமிழ்ப் பள்ளியிலிருந்து இடைநிலைப் பள்ளிக்குப் போனவர்கள் புகுமுக வகுப்பில் ஓராண்டு கூடுதலாக உட்கார வேண்டியிருந்தது. நானும் உட்கார்ந்தேன். அந்த வயதில் கிரிக்கெட் வலைப் பயிற்சிக்குப் பெயர் கொடுத்திருந்த பையன்களெல்லாம் ஆங்கிலப் பள்ளியில் ஏழெட்டு வருடம் ஆடியவர்கள்.

நேரமும் ஒரு காரணம். விடியுமுன் பெரட்டு என்கிற ஆள் கணக்கெடுப்பு. வெயில் ஏறினால் பால் வடிவது நின்றுவிடும் என்பதால் இருட்டிலேயே மரத்தடிக்குப் போவார்கள். வெட்டி, மங்குகளில் சேர்ந்த பாலை எடுத்து, ஸ்டோரில் நிறுத்துப் போட்டுவிட்டு வீடு திரும்ப மதியம் தாண்டிவிடும். மிச்சம் இருப்பது நாலு மணியிலிருந்து இருட்டும்வரை. அதில் பாதி நாள் மழை. ஒன்றரை மணி நேரத்தில் முடிகிற காற்பந்து அந்த இடைவெளிக்குப் பொருந்தியது. ஒரு பந்து போதும், பத்துச் சட்டை போதும், மழை பெய்தாலும் ஆடலாம். காற்பந்தைத் துரைமாரும் ஊக்குவித்தார்கள். தோட்டத்துக்குத் தோட்டம் போட்டி நடத்திக் கேடயம் கொடுத்தார்கள். திடலை எங்களுக்கு விட்டார்கள். நாள் முழுக்க நடக்கும் கிரிக்கெட்டுக்கு, நாள் முழுக்க ஓய்வுள்ளவர்கள் வேண்டும்.

மலாயாவில் திறமைக்குப் பஞ்சமே இருந்ததில்லை. 1927-இல் பெர்ட் ஓல்ட்ஃபீல்டு, உட்ஃபுல் போன்றவர்களோடு வந்த ஆஸ்திரேலிய அணியைக் கோலாலம்பூரில் மலாயா வென்றது. 1909-இல் கோலாலம்பூரில் பிறந்த லால் சிங், 1932 ஜூனில் லார்ட்ஸ் மைதானத்தில் இந்தியாவின் முதல் டெஸ்ட் ஆட்டத்திலேயே ஆடினார். இரண்டாவது இன்னிங்ஸில் அமர் சிங்கோடு சேர்ந்து நாற்பது நிமிடத்தில் 74 ஓட்டங்கள். அதில் அவர் பங்கு 29. மலாயாவில் பிறந்த ஒரு சீக்கியப் பையன் வேறொரு நாட்டுச் சட்டை போட்டுத்தான் டெஸ்ட் ஆட முடிந்தது. பின்னாளில் சிலாங்கூர் கிளப்பில் திடலைப் பராமரிக்கும் வேலை பார்த்தார். அப்பாவும் அவரும் ஒரே தொழில் செய்திருக்கிறார்கள் என்பதில் எனக்கு ஒரு பெருமை.

ஆப்கானியர் கதை வேறு வழியில் போனது. 1979-இல் சோவியத் படை நுழைந்த பிறகு இலட்சக்கணக்கானோர் பெஷாவர் பக்கம் ஓடிவந்தார்கள். கச்சா கடி முகாமில் தாஜ் மாலிக் என்பவர் வானொலியில் வர்ணனை கேட்டு, பாகிஸ்தான் ஆட்டங்களைப் பார்த்து, தம்பிகளையும் தெருப் பையன்களையும் சேர்த்து ஓர் அணி கட்டினார். பள்ளிக்கூடம் தேவைப்படவில்லை, ஆங்கிலம் தேவைப்படவில்லை, யார் அனுமதியும் தேவைப்படவில்லை. அதைத்தான் நான் மறுபடி மறுபடி நினைக்கிறேன். எங்களுக்கு ஆட்டம் மேலே இருந்து காட்டப்பட்டது. அவர்கள் தரையிலிருந்து எடுத்துக்கொண்டார்கள். 1995-இல் அவர்களுக்கு ஒரு சங்கம், 2001-இல் உலகக் கிரிக்கெட் மன்றத்தில் இடம், 2004-இல் கோலாலம்பூரில் ஆசியக் கிரிக்கெட் மன்றத்தின் கோப்பைப் போட்டி, 2017 ஜூனில் டெஸ்ட் அந்தஸ்து.

அதே 2017 நவம்பர் 19, பூச்சோங் கின்ராரா திடல். 19 வயதுக்குட்பட்டோர் ஆசியக் கோப்பை இறுதியாட்டம். ஆப்கானிஸ்தான் 248 எடுத்தது. இக்ராம் அலிகில் ஆட்டமிழக்காமல் 107. முஜீப் உர் ரஹ்மான் 13 ஓட்டங்கள் கொடுத்து 5 விக்கெட் சாய்க்க, பாகிஸ்தான் 63-க்குச் சுருண்டது. இப்ராஹிமும் குர்பாஸும் அந்தத் தலைமுறைப் பையன்கள். அவர்கள் கோப்பையைத் தூக்கிய அந்த மண் ஒரு காலத்தில் ரப்பர் தோட்டம்.

இப்ராஹிமின் ஆட்டத்தை நான் விடாமல் பார்த்து வருகிறேன். கோஸ்ட் மாகாணத்துக்காரர். அவர் மாமா நூர் அலி ஸத்ரானும் தொடக்க ஆட்டக்காரர். 2009-இல் தம் முதல் முதல்தர ஆட்டத்திலேயே இரண்டு இன்னிங்ஸிலும் சதம் போட்டவர். இப்ராஹிம் 2019-இல், 17 வயதில், வங்காளதேசத்துக்கு எதிராக டெஸ்டில் இறங்கி இரண்டாவது இன்னிங்ஸில் 87 எடுத்தார். அவசரம் கிடையாது. முதல் பத்து ஓவர் பந்தை உடம்புக்குக் கிட்டே வரவிட்டு ஆடுவார். சேப்பாக்கத்துக்குப் பதினைந்து நாள் கழித்து மும்பையில் ஆஸ்திரேலியாவுக்கு எதிராக ஆட்டமிழக்காமல் 129. உலகக் கோப்பையில் ஓர் ஆப்கானியரின் முதல் சதம் அது. மேக்ஸ்வெல்லின் இரட்டைச் சதத்தில் அந்த ஆட்டம் கைநழுவியது. 2024 பிப்ரவரியில் கொழும்பில், 35 வயதில் முதல் டெஸ்ட் ஆட வந்த மாமாவோடு மருமகன் தொடக்கத்தில் இறங்கி, இரண்டாவது இன்னிங்ஸில் 106 ஓட்டக் கூட்டணி அமைத்தார், இப்ராஹிம் 114. 2025 பிப்ரவரியில் லாகூரில் இங்கிலாந்துக்கு எதிராக 177. எட்டு ஓட்ட வித்தியாசத்தில் வெற்றி. மாமா மருமகனுக்குக் கொடுக்க ஓர் ஆட்டம் அந்தக் குடும்பத்தில் இருந்தது. எங்கள் வீட்டில் அப்பாவுக்கு எல்லா விதியும் தெரிந்திருந்தும் எனக்குக் கொடுக்க ஒன்றும் இல்லாமல் போனது.

நெகிரி செம்பிலான் கிரிக்கெட்டை மறந்த மாநிலம் அல்ல. எங்கள் யாங் டி பெர்துவான் பெசாராக (மாநில மன்னராக) இருந்து மறைந்த துவாங்கு ஜாஃபர் இந்த ஆட்டத்தின் மீது தீராத பிரியம் கொண்டிருந்தவர். மலேசியா, சிங்கப்பூர், ஹாங்காங், தாய்லாந்து அணிகள் மோதிய கோப்பை 1991-இலிருந்து அவர் பெயரில் நடந்தது. அவர் மகன் துங்கு இம்ரான் மலேசியக் கிரிக்கெட் சங்கத்துக்குத் தலைமை தாங்கினார். மந்தினில் உள்ள துவாங்கு ஜாஃபர் கல்லூரியின் திடல் பார்க்கப் பார்க்க அழகு. அரண்மனையில் ஆட்டம் இருந்தது, கிளப்பில் இருந்தது, ஆங்கிலப் பள்ளியில் இருந்தது. மலேசிய அணியில் தமிழ்ப் பெயர்களுக்கும் குறைவில்லை: சுரேஷ் நவரத்தினம், ஷர்வின் முனியாண்டி, பெண்கள் அணிக்குத் தலைமை தாங்கிய வினிஃபிரெட் துரைசிங்கம். ஆனால் நான் பணியாற்றிய தோட்டப் பள்ளிகளிலிருந்து அந்தப் பட்டியலுக்கு ஒரு பெயரும் போகவில்லை.

இப்போது தோட்டமே போய்விட்டது. ரப்பர் செம்பனையானது, செம்பனை சிரம்பான் 2, பண்டார் ஸ்ரீ செண்டாயான் என்று வீடமைப்புத் திட்டங்களானது. லயத்துக்குப் பதில் மலிவு விலை அடுக்குமாடி கிடைத்தவர்கள் உண்டு, அதுவும் கிடைக்காதவர்கள் உண்டு. கோயிலுக்காகப் போராடினோம், பள்ளிக்காகப் போராடினோம், சுடுகாட்டுக்குக்கூடப் போராடினோம். திடலுக்காகப் போராடியதாக எனக்கு நினைவில்லை. ஞாயிறு மாலை நாலு தோட்டத்துச் சனம் கூடிய இடம், ஒரு வரி எழுதிவைக்காமல் வரைபடத்திலிருந்து போய்விட்டது. கின்ராரா திடலையும் சில ஆண்டுகளுக்கு முன் கிரிக்கெட் சங்கம் நில உரிமையாளரிடம் ஒப்படைக்க வேண்டியதாயிற்று.

அடுக்குமாடிப் பிள்ளைகள் இப்போது கார் நிறுத்துமிடத்தில் டென்னிஸ் பந்தில் ஆடுகிறார்கள். வங்காளதேச, நேப்பாளத் தொழிலாளர்கள் வந்து சேர்ந்துகொள்கிறார்கள். ஸ்பின் போட அவர்கள்தான் சொல்லித் தருகிறார்கள். யாரும் வாசலில் நிற்க வேண்டியதில்லை. போன மாதம் இடம் மாறப்போகும் ஒரு தமிழ்ப் பள்ளியின் பெற்றோர் ஆசிரியர் சங்கக் கூட்டத்துக்கு அழைத்திருந்தார்கள். வகுப்பறை, கணினி அறை, மண்டபம் என்று வரைபடத்தில் எல்லாம் இருந்தது. "திடல் எங்கே?" என்று கேட்டேன். நிலம் போதாது என்றார்கள். முழுத் திடல் வேண்டாம், 22 கெஜம் நீளத்துக்கு ஒரு சிமெண்ட் ஆடுகளமும் சுற்றி ஒரு வலையும் போதும் என்று எழுதிக் கொடுத்திருக்கிறேன். செலவில் ஒரு பங்கை அப்பா பெயரில் நான் தருவதாகவும் அதில் எழுதியிருக்கிறேன்.