இராசம்மாவும் உருப்பிணியும்

புத்தளத்திலிருந்து கரையோரமாய்த் தெற்கே வருபவருக்கு ஊர்ப்பெயர்களே சொற்பாடம் நடத்தும். கடல்நீர் உடைத்துப் பாய்ந்த இடம் உடைப்பாகி, ஐகாரம் தேய்ந்து உடப்பு ஆயிற்று என்பர். முத்துக்குளிப்பைக் குறிக்கும் 'சலாபம்' சிலாபமாய்த் திரிந்து நிற்க, அதே ஊரைச் சிங்களர் ஹலாவத என்கிறார்கள். இப்படி ஓர் ஊர்க்கு இரு பெயர் வழங்கும் இக்கரையில், நீர்கொழும்பு வரைக்கும், இருமொழியாரும் ஒன்றுபோலவே ஒலிக்கும் பெயர் ஒன்றுண்டு: சிங்களத் திரையின் நடிகையும் பாடகியுமான ருக்மணி தேவி.

1923 ஜனவரி 15-ஆம் நாள் மலையகத்து இறம்பொடையில், கொழும்புச் செட்டிக் குடும்பத்தில் பிறந்த அக்குழந்தைக்கு இட்ட பெயர் டெய்சி இராசம்மா டேனியல்ஸ். டேனியல் எபிரேயம், 'இறைவனே என் நடுவன்' என்று பொருள். டெய்சி பழைய ஆங்கிலத்தில் 'நாளின் கண்'; பகலில் இதழ் விரித்து இரவில் கூம்பும் பூவுக்கு இதைவிடப் பொருத்தமான பெயர் ஏது? இவ்விரண்டுக்கும் நடுவே, ஜகரத்தைச் சகரமாக்கி, ரகரத்துக்கு முன் இகரத்தை நிறுத்தி, அம்மாவையும் கூட்டிக்கொண்டு முழுத் தமிழச்சியாய் நிற்கிறாள் இராசம்மா.

மேடைக்கும் இசைத்தட்டுக்கும் வந்தபோது மூன்றும் உதிர்ந்தன, வந்தது ருக்மணி. 'ருச்' என்ற ஒளிர்தல் வேரில் பிறந்த 'ருக்ம' பொன்னையும் பொன்னணியையும் சுட்டும் வடசொல். அதன் பெண்பால் ருக்மிணி. ஆக, நாளின் கண்ணாய்ப் பிறந்தவர் பொன்னொளியாய்ப் பெயர் மாறினார் என்று நாம் மகிழ்ந்துகொள்ளலாம். தமிழுக்கு இப்பெயர் இரு வாயில் வழியே வந்தது. பாகதம் 'க்ம'வை இரட்டைப் பகரமாக்கி 'ருப்பிணி' என, ஆழ்வார் தமிழ் முன்னே உகரம் சேர்த்து 'உருப்பிணி' என்றது. புராணத்து ருக்மிணியின் தமையன் ருக்மியும் உருப்பன் ஆனான். பிந்திய வழக்கோ 'உருக்குமணி' என்று மெய்ம்மயக்கத்தைப் பிரித்துவிட்டது. மிணி மணியானது வடக்கிலும் உண்டுதான். ஆனால் அங்கே அது வெறும் உயிர்த்திரிபு, நமக்கோ உருக்கிய பொன்னும் மணியும் சேர்ந்து கேட்கிறது. வேர்ப்படி இது பிழை, செவிப்படி இன்பம்.

சென்னையில் கலாசேத்திரம் கண்ட அருண்டேலும் ருக்மிணி தேவிதான். அவர் ஏட்டு வடிவைக் காத்தார். நம் ருக்மணி பேச்சு வடிவைப் பேர்பெறச் செய்தார். பெரிய வெற்றி எதுவென்று கேட்டால், பேச்சுவடிவத்தின் பக்கமே நான்.

முதற் சிங்களப் பேசும்படமான 'கடவுனு பொரொந்துவ' 1947 ஜனவரியில் வெளிவந்தது, எடுத்தவர் எஸ். எம். நாயகம், எடுத்த இடம் நம் மதுரை. அதன் நாயகியான ருக்மணி நீர்கொழும்புக் குடும்பத்து எடி ஜயமான்னவை மணந்தார். பாடினார், நடித்தார், தம் வாழ்க்கைக் கதையையும் எழுதினார். 1978 அக்டோபர் 28-இல் துடெல்லையில் நேர்ந்த கார் விபத்து அவர் உயிரைக் கொண்டுபோனது. நீர்கொழும்பில் அடக்கம்.

ருக்மணிக்குச் சிங்களத்தார் குறை வைக்கவில்லை. இராசம்மாவுக்கு நாம்தான் ஏதாவது செய்ய வேண்டும்: ஈழத்துப் பெயர்களைத் தொகுக்கும் அன்பர்கள் அப்பெயரின் கீழ் இவரையும் ஒரு வரி எழுதிச் சேர்த்திடுங்கள்.