பிராங்கோ பாவர்: மறக்கப்பட்டு, மீண்டும் கண்டெடுக்கப்பட்ட குரோஷிய இயக்குநர்

இரண்டாம் உலகப் போருக்குப் பிந்தைய யுகோஸ்லாவியத் திரையுலகில் மக்களின் பேராதரவைப் பெற்று, பின்னர் காலத்துக்கு ஒவ்வாதவராக ஓரங்கட்டப்பட்டு, 1970-களின் இறுதியில் இளம் விமர்சகர்களால் மீண்டும் கண்டெடுக்கப்பட்டவர் குரோஷிய இயக்குநர் பிராங்கோ பாவர். 1950-களின் குரோஷியத் திரைப்படத்தில் செவ்வியல் கதைசொல்லலின் முதன்மையான கலைஞராக இன்று அவர் மதிக்கப்படுகிறார்.

சுற்றியிருப்போர் அனைவரும் வாய்மூடி நிற்கும் வேளையில் ஒரு சாதாரண மனிதன் என்ன செய்ய வேண்டும் என்ற கேள்வி, அவருடைய சிறந்த படங்களில் மீண்டும் மீண்டும் எழுகிறது. அக்கேள்வியைத் திரையில் எழுப்புவதற்குப் பல ஆண்டுகள் முன்பே, தம் சொந்த வீட்டில் அதற்கு விடை சொல்ல வேண்டிய நிலை அவருக்கு ஏற்பட்டது.

இளமையும் போர்க்காலமும்

அட்ரியாட்டிக் கடலோர நகரமான டுப்ரோவ்னிக்கில் 1921-ஆம் ஆண்டு பிப்ரவரி 18-ஆம் தேதி பிராங்கோ பாவர் பிறந்தார். அப்பகுதி அன்று செர்பியர், குரோஷியர், ஸ்லோவேனியர் ஆகியோரின் கூட்டு முடியரசாக இருந்தது. அந்நாடே 1929-ஆம் ஆண்டு யுகோஸ்லாவியா எனப் பெயர் மாற்றம் பெற்றது. இளமைப் பருவத்தை ஜாக்ரெப் நகரில் கழித்த பாவர், அங்குள்ள திரையரங்குகளுக்கு ஓயாமல் சென்றுவந்த ரசிகராகவே திரைப்படக் கலையை முதலில் அறிந்தார்.

1941-ஆம் ஆண்டு ஏப்ரல் மாதம் ஜெர்மனியும் அதன் கூட்டாளிகளும் யுகோஸ்லாவியாவைத் தாக்கின. ஏப்ரல் 10-ஆம் தேதி ஜாக்ரெப்பில் 'குரோஷிய சுதந்திர அரசு' அறிவிக்கப்பட்டது. ஆன்டே பவெலிச் தலைமையிலான உஸ்தாஷா இயக்கம் நடத்திய அவ்வரசு, நாஜி ஜெர்மனியின் ஆதரவில் இயங்கியது. அதே மாத இறுதியில் இனச் சட்டங்கள் பிறப்பிக்கப்பட்டன. யூதர்களும் செர்பியர்களும் ரோமா இன மக்களும் வேட்டையாடப்பட்டனர். யசெனோவாட்ஸ் என்னும் இடத்தில் அமைக்கப்பட்ட வதை முகாமில் மட்டும் 80,000-க்கும் மேற்பட்டோர் கொல்லப்பட்டதை அங்குள்ள நினைவகத்தின் பெயர்ப் பட்டியல் பதிவு செய்துள்ளது.

இந்தச் சூழலில், 1942-ஆம் ஆண்டு, பாவரும் அவருடைய தந்தை செடோமிர் பாவரும் அடைக்கலம் தேடி வந்த யூதப் பெண் ஒருவரை ஜாக்ரெப்பிலிருந்த தங்கள் குடியிருப்பில் மறைத்து வைத்தனர். அப்போது பாவருக்கு வயது 21. யூதர் ஒருவருக்கு அடைக்கலம் கொடுப்பது அடைக்கலம் தருவோரின் உயிரையே பணயம் வைக்கும் செயலாக இருந்த காலம் அது.

அதற்கு ஐம்பது ஆண்டுகளுக்குப் பின், 1992-ஆம் ஆண்டு, ஜெருசலேமில் உள்ள யாத் வஷெம் நினைவகம் தந்தைக்கும் மகனுக்கும் 'உலக நாடுகளின் நீதிமான்' என்ற பட்டத்தை வழங்கியது. தம் உயிருக்கு நேரக்கூடிய ஆபத்தைப் பொருட்படுத்தாமல் யூதர்களைக் காத்த பிற சமூகத்தினருக்கு அளிக்கப்படும் மதிப்பு இது.

ஆவணப்படத்திலிருந்து கதைப்படத்துக்கு

போர் முடிந்தபின் ஜோசிப் பிராஸ் டிட்டோ தலைமையில் அமைந்த சோஷலிச யுகோஸ்லாவியாவில் திரைப்படத் தயாரிப்பு அரசின் பொறுப்பானது. போருக்குப் பிந்தைய முதல் யுகோஸ்லாவியக் கதைப்படமான 'ஸ்லாவிட்சா' 1947-ஆம் ஆண்டு வெளிவந்தது. ஜாக்ரெப்பில் 1946-இல் தொடங்கப்பட்ட 'யாத்ரான் பிலிம்' நிறுவனத்தில் 1949-ஆம் ஆண்டு ஆவணப்பட இயக்குநராகச் சேர்ந்த பாவர், அங்கேயே தொழிலைக் கற்றுக்கொண்டார்.

அவருடைய முதல் கதைப்படம் 'நீலக் கடற்பறவை' 1953-ஆம் ஆண்டு வெளியானது. ஸ்லோவேனிய எழுத்தாளர் டோனே செலிஷ்கரின் சிறுவர் நாவலைத் தழுவி எடுக்கப்பட்ட இப்படம், கடலோடிச் சிறுவர்களின் சாகசக் கதை. வீரப் பிரகடனங்களும் மேடைப் பேச்சுப் போன்ற வசனங்களும் நிறைந்திருந்த அக்காலப் படங்களுக்கு நடுவே, காட்சியின் வேகத்தாலும் விறுவிறுப்பாலும் கதையை நகர்த்திய இப்படம் தனித்துத் தெரிந்தது. 1955-இல் 'தீவில் கோடிகள்' வெளியானது. சிறுவர்களை இயல்பாக நடிக்க வைக்கும் ஆற்றல் பாவருக்கு உண்டு என்பதை இவ்விரு படங்களும் காட்டின.

'திரும்பிப் பார்க்காதே, மகனே'

பாவரின் பெயரை நிலைநிறுத்திய படம் 1956-ஆம் ஆண்டு வெளியான 'திரும்பிப் பார்க்காதே, மகனே'. எழுத்தாளர் ஆர்சென் திக்லிச்சுடன் இணைந்து பாவரே இதன் திரைக்கதையை எழுதினார். தந்தை வேடத்தில் பெர்ட் சோட்லர் நடித்தார்.

யசெனோவாட்ஸ் முகாமுக்குக் கைதிகளை ஏற்றிச் செல்லும் ரயிலிலிருந்து எதிர்ப்பு இயக்கத்தைச் சேர்ந்த பொறியாளர் நேவென் தப்பிக்கிறார். காட்டுக்குச் சென்று பார்ட்டிசான் படையினருடன் சேர்வதற்கு முன் அவர் ஜாக்ரெப்புக்குத் திரும்புகிறார். மகனை உடன் அழைத்துச் செல்வதே அவருடைய நோக்கம். ஆனால் மகன் வளர்வது உஸ்தாஷா அரசின் விடுதிப் பள்ளியில். தந்தையைக் கைது செய்தவர்களையே வீரர்கள் என்றும், தந்தையின் தோழர்களைத் துரோகிகள் என்றும் நம்பும்படி அச்சிறுவன் பழக்கப்பட்டிருக்கிறான்.

இந்த இடத்தில்தான் படம் வழக்கமான போர்ப்படத்திலிருந்து விலகுகிறது. காவலர்களிடமிருந்து தப்ப வேண்டிய தந்தை, தாம் யார் என்பதைத் தம் கைப்பிடித்து நடக்கும் மகனிடமிருந்தும் மறைக்க வேண்டியிருக்கிறது. உண்மையைச் சொன்னால் மகனே காட்டிக்கொடுத்துவிடக்கூடும். பொய் சொன்னால் அவனுடைய நம்பிக்கையை இழக்க நேரும். படத்தின் தலைப்பு, இறுதிக் கட்டத்தில் தந்தை மகனுக்குச் சொல்லும் சொல்.

பிரிட்டிஷ் இயக்குநர் கேரல் ரீடு 1947-ஆம் ஆண்டு எடுத்த 'ஆட் மேன் அவுட்' படத்தின் தாக்கம் இதில் உண்டு. வேட்டையாடப்படும் ஒருவர் நகரத்தின் தெருக்களிலும் வீடுகளிலும் அடைக்கலம் தேடி அலையும் அமைப்பு இரு படங்களுக்கும் பொதுவானது. நேவென் தட்டும் கதவுகளில் சில திறக்கின்றன, சில திறப்பதில்லை. திறக்க மறுப்போரையும் பாவர் கொடியவர்களாகக் காட்டவில்லை. அவர்கள் அச்சத்தில் வாழும் மனிதர்களாகவே தோன்றுகின்றனர். அத்தகைய ஒரு கதவின் உட்புறத்தில் நின்ற அனுபவம் இயக்குநருக்கே இருந்தது என்பதை அறிந்து பார்க்கும்போது இக்காட்சிகளுக்கு மேலும் அழுத்தம் கூடுகிறது.

பூலா நகரின் ரோமானியர் கால அரங்கில் ஆண்டுதோறும் நடைபெறும் திரைப்பட விழா, அன்று யுகோஸ்லாவியாவின் மிக முக்கியமான திரைப்பட மேடையாக விளங்கியது. 1956-ஆம் ஆண்டு சிறந்த இயக்குநருக்கான 'தங்க அரேனா' விருதை அவ்விழா பாவருக்கு வழங்கியது. படம் மக்களிடமும் பெரும் வெற்றி பெற்றது.

தோல்வியும் மீட்சியும்

அடுத்த ஆண்டு வெளியான 'வெறும் மனிதர்கள்' என்ற காதல் சித்திரம் விமர்சகர்களையும் ரசிகர்களையும் ஒருங்கே ஏமாற்றியது. அதன்பின் பாவர் குரோஷியாவை விட்டு மாசிடோனியாவின் 'வர்தார் பிலிம்' நிறுவனத்துக்குச் சென்று 1959-இல் 'மூன்று அன்னாக்கள்' படத்தை இயக்கினார். போரில் இறந்துவிட்டதாகக் கருதிய மகள் உயிரோடு இருக்கக்கூடும் என அறியும் ஒரு முதியவர், அன்னா என்ற பெயருடைய மூன்று இளம்பெண்களைத் தேடிச் செல்கிறார். இத்தாலிய நவயதார்த்தப் படங்களின் சாயல் கொண்ட இப்படம், வெளியான காலத்தில் பரவலாகச் சென்றடையவில்லை. இன்று பாவரின் மிகச் சிறந்த படைப்புகளுள் ஒன்றாக இது மதிக்கப்படுகிறது. முந்தைய படத்தில் தந்தை மகனை மீட்கச் சென்றார். இதில் தந்தை மகளைத் தேடுகிறார். போர் பிரித்த குடும்பங்களே இரு கதைகளுக்கும் அடிப்படை.

பின்னர் பாவர் நகைச்சுவைக்குத் திரும்பினார். 1961-இல் வெளியான 'மேகங்களில் மார்ட்டின்', நகரத்தில் குடியிருக்க ஒரு வீடு கிடைக்காமல் அல்லாடும் மாணவனின் கதை. 1962-இல் வெளியான 'மிகையானவள்', சாலைகளையும் ரயில் பாதைகளையும் அமைக்கத் திரண்ட இளைஞர் தொண்டர் படைகளின் பின்னணியில் அமைந்தது. இப்படத்தில் நடித்த மிலெனா திராவிச், பூலா விழாவில் சிறந்த நடிகைக்கான விருதைப் பெற்றார். பின்னாளில் யுகோஸ்லாவியத் திரையுலகின் முன்னணி நட்சத்திரமாக உயர்ந்தார்.

ஒரு கூட்டம், ஒரு வாக்கெடுப்பு

1963-ஆம் ஆண்டு வெளியான 'நேருக்கு நேர்', யுகோஸ்லாவியாவின் முதல் வெளிப்படையான அரசியல் திரைப்படம் எனக் கருதப்படுகிறது. தொழிற்சாலைகளையும் நிறுவனங்களையும் தொழிலாளர்களே நிர்வகிக்கும் சுயநிர்வாக முறையை அந்நாடு 1950-ஆம் ஆண்டு சட்டமாக்கியிருந்தது. ஏட்டில் இருந்த அந்த உரிமை நடைமுறையில் என்னவாயிற்று என்பதைப் பாவர் ஆராய்ந்தார்.

ஒரு கட்டுமான நிறுவனத்தில் கட்சி உறுப்பினர்களின் கூட்டம் நடைபெறுகிறது. நிறுவனத்தின் தலைவரை எதிர்த்துப் பேசிய தொழிலாளி ஒருவரைக் கட்சியிலிருந்து நீக்குவதே அதன் நோக்கம். முடிவு முன்கூட்டியே தீர்மானிக்கப்பட்டுவிட்டது. கையுயர்த்துவது மட்டுமே மிச்சம். ஆனால் தயக்கத்துடன் ஒருவர் வாய் திறக்க, மற்றொருவர் தொடர, அடக்கி வைக்கப்பட்டிருந்த குறைகள் ஒவ்வொன்றாக வெளிவருகின்றன. பெரும்பகுதி ஒரே கூடத்துக்குள் நிகழும் இப்படத்தின் விறுவிறுப்பு முகங்களிலிருந்தும் மௌனங்களிலிருந்தும் பிறக்கிறது. அமைப்பில் சிட்னி லூமெட்டின் 'ட்வெல்வ் ஆங்ரி மென்' படத்துடன் இது ஒப்பிடப்படுவதுண்டு.

சோஷலிச அமைப்பைப் படம் நிராகரிக்கவில்லை. அந்த அமைப்பு தன் வாக்குறுதியைக் காப்பாற்ற வேண்டும் என்றே கோரியது. இதனால் அதிகார வட்டாரங்களும் அதை ஏற்றுக்கொண்டன. அவ்வாண்டு பூலா விழாவில் சிறந்த படத்துக்கான 'பெரிய தங்க அரேனா' விருது இதற்கே கிடைத்தது.

காலம் மாறியபோது

பாவர் திறந்த கதவின் வழியே நுழைந்த அடுத்த தலைமுறை வேறு மொழியில் பேசியது. பெல்கிரேடில் அலெக்சாண்டர் பெட்ரோவிச், துஷான் மகவெயெவ், ஷிவோயின் பாவ்லோவிச் ஆகியோரும், ஜாக்ரெப்பில் வாட்ரோஸ்லாவ் மிமிட்சா, ஸ்வோனிமிர் பெர்கோவிச், ஆன்டே பாபாயா ஆகியோரும் நவீனத்துவப் படங்களை எடுத்தனர். நேர்கோட்டில் செல்லும் கதையும் தெளிவான காட்சியமைப்பும் பழைய பாணியாகக் கருதப்படலாயின.

1964-இல் 'நிகோலெட்டினா புர்சாச்', 1965-இல் 'வந்து தங்குதல்', 1967-இல் 'நான்காவது சகபயணி' ஆகிய படங்களைப் பாவர் இயக்கினார். மாறிய ரசனைக்கு ஏற்பத் தம்மை மாற்றிக்கொள்ள அவர் மேற்கொண்ட முயற்சி பெரிதாக வெற்றி பெறவில்லை. அதற்கடுத்த கதைப்படத்துக்கு எட்டு ஆண்டுகள் கடந்தன.

1970-களில் பாவர் தாம் தொடங்கிய இடத்துக்கே, சிறுவர்களின் உலகுக்கே திரும்பினார். ஆர்சென் திக்லிச்சின் கதைகளைக் கொண்டு 'யாகோப்ஸ்ஃபெல்டில் குளிர்காலம்' (1975), 'மாலி ரிட் பண்ணைவீடு' (1976) ஆகிய படங்களையும் தொலைக்காட்சித் தொடரையும் உருவாக்கினார். ஆக்கிரமிப்பின் கீழிருந்த வொய்வொடினா சமவெளிக் கிராமச் சிறுவர்களின் கதையைச் சொன்ன இவை, யுகோஸ்லாவியா முழுவதும் புகழ் பெற்றன. 1978-இல் வெளியான 'போஷ்கோ புஹா', போரில் உயிரிழந்த இளம் பார்ட்டிசான் வீரனைப் பற்றியது. அதுவே அவருடைய கடைசிக் கதைப்படம்.

மீண்டும் கிடைத்த இடம்

ஏறக்குறைய அதே காலத்தில், ஹாலிவுட்டின் செவ்வியல் இயக்குநர்களைக் கலைஞர்களாக மதித்த இளம் குரோஷிய விமர்சகர்கள் பாவரின் பழைய படங்களை மீண்டும் பார்க்கத் தொடங்கினர். எளிய கதைகள் என ஒதுக்கப்பட்டவற்றில் தேர்ந்த காட்சி மொழியையும், முழக்கமிடாத மனசாட்சியையும் அவர்கள் கண்டனர். புறக்கணிப்புக்குக் காரணமாக இருந்த தெளிவே, மறுகண்டுபிடிப்பில் அவருடைய சிறப்பாகப் போற்றப்பட்டது.

1991-ஆம் ஆண்டு குரோஷியா சுதந்திரத்தை அறிவித்தது. அவர் பணியாற்றிய யுகோஸ்லாவியா சிதறியது. 2002-ஆம் ஆண்டு ஏப்ரல் 11-ஆம் தேதி, தம் 81-ஆம் வயதில் ஜாக்ரெப்பில் பாவர் காலமானார்.

யசெனோவாட்ஸ் குறித்த நினைவு குரோஷிய அரசியலில் இன்றும் சர்ச்சைக்குரியதாகவே நீடிக்கிறது. அம்முகாமுக்குச் செல்லும் ரயிலில் தொடங்கும் 'திரும்பிப் பார்க்காதே, மகனே', குரோஷியாவின் சிறந்த படங்களைத் தேர்ந்தெடுக்கும் விமர்சகர்களின் பட்டியல்களில் தொடர்ந்து முன்னணி இடம் பெற்று வருகிறது. வெறுப்பைப் பாடமாகக் கற்ற ஒரு சிறுவனை அன்பால் மீட்க முடியுமா என அப்படம் எழுப்பிய கேள்வி, ஏழு பத்தாண்டுகளுக்குப் பின்னரும் பழையதாகிவிடவில்லை.

முக்கியத் திரைப்படங்கள்

நீலக் கடற்பறவை (1953)
தீவில் கோடிகள் (1955)
திரும்பிப் பார்க்காதே, மகனே (1956)
வெறும் மனிதர்கள் (1957)
மூன்று அன்னாக்கள் (1959)
மேகங்களில் மார்ட்டின் (1961)
மிகையானவள் (1962)
நேருக்கு நேர் (1963)
நிகோலெட்டினா புர்சாச் (1964)
யாகோப்ஸ்ஃபெல்டில் குளிர்காலம் (1975)
மாலி ரிட் பண்ணைவீடு (1976)
போஷ்கோ புஹா (1978)