முள் இருந்தால் பன்றியா?

அக்கா வீடு கும்மிடிப்பூண்டியில், சிப்காட்டுக்குப் போகிற ரோட்டுப் பக்கம். ஒரு ஞாயிற்றுக்கிழமை போயிருந்தபோது அவள் மகன் என் போனைப் பிடுங்கி வைத்துக்கொண்டு சோனிக் பார்த்துக்கொண்டிருந்தான். நீல நிறம், தலை முழுக்கக் கூர் கூராக முடி, சிவப்பு ஷூ. 1991-ல் சேகா கம்பெனி வீடியோ கேமுக்காக உருவாக்கிய அதே சோனிக்தான்.

“மாமா, இது என்ன அனிமல்?”

“ஹெட்ஜ்ஹாக்டா.”

“தமிழ்ல?”

“முள்ளம்பன்றி.”

அவன் படத்தை நிறுத்திவிட்டு உற்றுப் பார்த்தான். “பன்னியா? மூஞ்சப் பாத்தா எலி மாதிரில்ல இருக்கு?”

வாசற்படியில் உட்கார்ந்து கீரை ஆய்ந்துகொண்டிருந்த பக்கத்து வீட்டு அவ்வா எட்டிப் பார்த்து, “முள்ள பந்தி” என்று தெலுங்கில் எனக்கு ஆதரவாகச் சொன்னார். எல்லை ஊர் என்பதால் கும்மிடிப்பூண்டியில் எதற்கும் இரண்டு மொழியில் சாட்சி கிடைக்கும். பையன் மட்டும் ஒத்துக்கொள்ளவில்லை. அன்று ராத்திரி ரயிலில் திரும்பும்போது தேடிப் படித்ததில் தெரிந்தது, எங்கள் மூன்று பேரில் அவன்தான் உண்மைக்கு அருகில் இருந்தான் என்பது.

முதலில் விஷயத்தைப் பிரித்துவிடலாம். நம் ஊரில் முள் போர்த்திய பாலூட்டி இரண்டு வகை. ஒன்று பெரியது. பத்துக் கிலோவுக்கு மேல் எடை, கறுப்பும் வெள்ளையுமாக ஒரு ஜாண், சில இடங்களில் அதற்கும் நீளமான முட்கள். கிழங்கு, வேர், பட்டை எல்லாவற்றையும் கொறிக்கும். எதிரி வந்தால் முள்ளைச் சிலிர்த்துக்கொண்டு பின்பக்கமாகவே பாயும். இதுதான் முள்ளம்பன்றி. மற்றது சின்னது, இரண்டு உள்ளங்கைக்குள் அடங்கிவிடும். பூச்சி, தேள் தின்னும். பயந்தால் பந்தாகச் சுருண்டுகொள்ளும். இது முள்ளெலி. சோனிக் இந்தச் சாதி.

இனிமேல்தான் வேடிக்கை. விலங்கியல்படி முள்ளம்பன்றி கொறிக்கும் பிராணி, அதாவது எலி, அணில் வகையறா. பன்றிக்கும் அதற்கும் ஒரு சொந்தமும் கிடையாது. முள்ளெலி கொறிக்கும் பிராணியே இல்லை. அதன் சொந்தக்காரர் மூஞ்சூறு. ஆக, பன்றி என்று பெயர் வைத்தது எலிக்கு உறவு, எலி என்று பெயர் வைத்தது எலிக்கு உறவே இல்லை. பெயர் வைத்தவர்கள் பல்லை எண்ணிப் பார்க்கவில்லை. இருட்டில் மண்ணைக் கிளறிக்கொண்டு உறுமியதைக் கேட்டார்கள், பன்றி என்றார்கள்.

இது தமிழன் மட்டும் செய்த காரியமும் இல்லை. ஆங்கிலத்தின் போர்க்குபைன் பழைய பிரெஞ்சிலிருந்து வந்தது, பொருள் முட்பன்றி. ஜெர்மனில் ஷ்டாஹெல்ஷ்வைன், அதுவும் முட்பன்றி. கும்மிடிப்பூண்டியிலிருந்து பழவேற்காடு பக்கம்தான். அங்கே 1613-ல் கெல்ட்ரியா கோட்டையைக் கட்டிய டச்சுக்காரர்கள் மொழியில் ஸ்டேகல்வார்கன், அப்படியே முட்பன்றி. கோட்டை டச்சுக்காரனும் ஊர் தெலுங்குக்காரனும் தமிழனும் ஒரே விலங்கைப் பார்த்து, ஒருத்தரை ஒருத்தர் கேட்காமலே ஒரே பெயரைச் சொல்லியிருக்கிறார்கள். ஹெட்ஜ்ஹாக்கிலும் ‘ஹாக்’ என்றால் பன்றி, வேலியோரப் பன்றி. ஜப்பான்காரர் மட்டும் அதை ‘ஹரிநெசுமி’ என்கிறார், ஊசி எலி. அக்கா மகன் ஜப்பானில் பிறந்திருக்கலாம்.

ஆனால் தமிழில் இந்த விலங்கு ஆரம்பத்திலேயே பன்றியாக இருக்கவில்லை. சங்கப் பாடல்களில் இதன் பெயர் ‘எய்’. இன்னொரு பெயர் ‘முளவுமா’. மா என்றால் விலங்கு. முள்ளுள்ள விலங்கு, அவ்வளவுதான், பன்றி என்ற பேச்சே இல்லை. மலைபடுகடாம் கூத்தர்களுக்கு மலைவாசிகள் வைக்கும் விருந்தைச் சொல்கிற இடத்தில் முளவுமாவின் கொழுத்த இறைச்சி வருகிறது. நற்றிணையின் 98-ஆம் பாட்டில் தினைப்புனத்துக்கு மேய வரும் காட்டுப்பன்றியின் பிடரி மயிர், எய்யின் முள்ளைப் போலப் பருத்திருக்கிறது. அந்த உவமையைக் கொஞ்சம் நின்று பார்க்கணும். அந்தப் புலவருக்கு எய் நன்றாகத் தெரிந்த விலங்கு, கேட்பவருக்கும் தெரியும். அதனால் பன்றியை விளக்க எய்யைக் கூப்பிடுகிறார். பிற்காலத்தில் காட்டிலிருந்து தள்ளி வந்தவர்களுக்குப் பன்றிதான் தெரிந்தது. அப்போது எய்யை விளக்கப் பன்றியைக் கூப்பிட வேண்டியதாயிற்று. எய்ப்பன்றி, முட்பன்றி, முள்ளம்பன்றி. தெலுங்கிலும் இதே கதைதான். ‘எய்’யின் உறவுச் சொல்லான ‘ஏது’ அங்கே ‘ஏது பந்தி’ என்று பன்றியோடு ஒட்டிக்கொண்டது.

எய் என்றால் அம்பு விடுவதும்தானே? முள்ளம்பன்றி முள்ளை அம்பு மாதிரி எய்யும் என்று இன்றைக்கும் நம்புகிறவர்கள் உண்டு. கிரேக்கத்தில் அரிஸ்டாட்டில் காலத்திலும் இதே நம்பிக்கை. சமஸ்கிருதத்தில் அதன் பெயர்களில் ஒன்றான ‘சல்யகம்’, அம்பு முனை என்ற சொல்லிலிருந்து வருகிறது. நிஜத்தில் அது எய்வதில்லை. முட்கள் தோலில் லேசாகத்தான் நிற்கும், குத்தின இடத்தில் கழன்றுகொள்ளும். அதன் மேல் பாய்ந்த நாயின் மூஞ்சியைப் பார்த்தவர்கள் அம்பு என்றார்கள். சமஸ்கிருதத்தில் அதற்கு இன்னொரு பெயர் ‘ச்வாவித்’, நாயைக் குத்துவது என்று பொருள்.

இந்தச் ச்வாவித்தும் சல்யகமும் சேர்ந்து ஒரு பழைய சிக்கலை உண்டாக்கின. ஐந்து நகமுள்ள விலங்குகளில் ஐந்தை மட்டும் உண்ணலாம் என்று தர்ம சாஸ்திரங்களில் ஒரு விதி. வால்மீகி ராமாயணத்தில் அம்பு பட்டுக் கிடக்கும் வாலி, குரங்கின் இறைச்சி உனக்கு உதவாதே, பிறகு எதற்கு என்னைக் கொன்றாய் என்று ராமனைக் கேட்கும்போது இந்தப் பட்டியலைத்தான் சொல்கிறான். சல்யகம், ச்வாவித், உடும்பு, முயல், ஆமை. முதல் இரண்டும் முள் விலங்குகள். ஒன்று முள்ளம்பன்றி என்றால் மற்றது முள்ளெலியா? மொழிபெயர்ப்பாளர்கள் ஒன்றுக்கு அதையும் மற்றதற்கு இதையும் வைத்துச் சமாளிக்கிறார்கள். ஒரு விலங்கு உணவா இல்லையா, உயிரோடு இருக்குமா இருக்காதா என்பது அதன் பெயர் எந்தப் பட்டியலில் வருகிறது என்பதைப் பொறுத்தது. இதை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், திரும்ப வரும்.

எபிரேய பைபிளிலும் இப்படி ஒரு சொல் உண்டு, ‘கிப்போத்’. பாபிலோன் பாழாகும், அங்கே கிப்போத் குடியேறும் என்று ஏசாயா தீர்க்கதரிசி சொல்கிறார். பழைய கிரேக்க, லத்தீன் மொழிபெயர்ப்புகளில் அது முள்ளெலி. 1611-ன் ஆங்கில பைபிளில் ஒரு கொக்கு வகைப் பறவை. இன்றைய சில ஆங்கிலப் பதிப்புகளில் ஆந்தை. தமிழ் பைபிளில் முள்ளம்பன்றி. ஒரே சொல் எத்தனை உடம்பு எடுக்கிறது பாருங்கள். தமிழுக்கு வந்தபோது முள்ளெலி தன் இடத்தைப் பெரியண்ணனிடம் விட்டுக்கொடுத்துவிட்டது.

தத்துவத்தில் இதற்கு நேரெதிர் நடந்தது. 1851-ல் ஷோப்பன்ஹவர் ஒரு சின்னக் கதை எழுதினார். குளிரில் முள்ளம்பன்றிகள் கதகதப்புக்காக நெருங்குகின்றன, முள் குத்துகிறது, விலகுகின்றன, குளிர்கிறது, மறுபடியும் நெருங்குகின்றன. மனுசங்க உறவும் இப்படித்தான் என்றார். அவர் எழுதின சொல் முட்பன்றி. ஆங்கிலத்தில் அது எப்படியோ ‘ஹெட்ஜ்ஹாக்ஸ் டிலெம்மா’ என்று பிரபலமாகிவிட்டது. அனிமே பார்க்கிறவர்களுக்குத் தெரியும், 1995-ல் வந்த எவாஞ்சலியனின் நான்காவது எபிசோடுக்கு ஆங்கிலத் தலைப்பே அதுதான். அதையே நாம் தமிழில் எழுதும்போது ‘முள்ளம்பன்றியின் தவிப்பு’ என்று திருப்பி, தெரியாமலே ஷோப்பன்ஹவரைச் சரிசெய்துவிடுகிறோம். சோனிக்கை அதே சொல்லால் எழுதித் தப்பும் செய்கிறோம்.

அதே 1851-ல் லண்டனில் இன்னொரு புத்தகம் வந்தது. கிழக்கிந்தியக் கம்பெனியின் மியூசியத்தில் இருந்த பாலூட்டிகளைத் தாமஸ் ஹார்ஸ்ஃபீல்ட் பட்டியல் போட்டார். அதில் ஒரு குட்டி முள்ளெலிக்குப் புதிதாக ஒரு லத்தீன் பெயர் வைத்தார், ‘நுடிவென்ட்ரிஸ்’, வெறும் வயிறு உடையது என்று அர்த்தம். ஊர்ப்பெயர், மதராஸ். அதனால் இன்றைக்கும் உலகம் முழுக்க அதன் பெயர் மெட்ராஸ் ஹெட்ஜ்ஹாக். மெட்ராஸ் ஐ தெரியும், மெட்ராஸ் செக் சட்டை தெரியும். மெட்ராஸ் பெயரில் ஒரு விலங்கு இருப்பது எனக்கு அன்று ராத்திரி எண்ணூர் தாண்டும்போதுதான் தெரிந்தது.

மதராஸ் என்றால் அன்றைக்குப் பட்டணமாகவும் இருக்கலாம், மாகாணமாகவும் இருக்கலாம். இன்றைய திருவள்ளூர் மாவட்டமே 1997 வரை செங்கல்பட்டு மாவட்டத்துக்குள் இருந்தது, அதுவும் பழைய மதராஸ் மாகாணத்துத் துண்டுதான். இந்த முள்ளெலியை இப்போது ஆய்வாளர்கள் அதிகம் பார்ப்பது தென் மாவட்டங்களிலும் கொங்குப் பக்கமும், தேரியிலும் முள்காட்டிலும் மேய்ச்சல் தரிசிலும். பாறையும் புதரும் உள்ள வெட்டவெளி அதற்கு வீடு. அரசுக் கணக்கில் அப்படிப்பட்ட நிலம் பெரும்பாலும் ‘தரிசு’. தரிசு என்று எழுதிவிட்டால் பிளாட் போடலாம், பேட்டை போடலாம், காற்றாலை நடலாம். நிலத்துக்கும் பெயர்தான் விதி.

தென்மாவட்டங்களில் சில இடங்களில் முள்ளெலியின் தோலையும் முள்ளையும் சுட்டுத் தேனில் குழைத்துக் குழந்தைகளின் கக்குவான் இருமலுக்குக் கொடுக்கும் வழக்கமும் உண்டு. கக்குவானுக்குத் தடுப்பூசி வந்து எத்தனையோ வருஷமாகிறது. ரோட்டில் அடிபட்டும் நிறையச் சாகிறது. வண்டி வந்தால் ஓடாமல் பந்தாகச் சுருண்டுகொள்வதுதான் அதன் தற்காப்பு, நரிக்கு முன்னால் பலிக்கும், லாரிக்கு முன்னால் பலிக்காது.

சரி, சட்டம் காப்பாற்றுமே? இங்கேதான் வாலியின் பட்டியல் திரும்ப வருகிறது. 1972-ன் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தில் நான்காம் அட்டவணையில் ‘ஹெட்ஜ்ஹாக்’ என்று எழுதி, பக்கத்தில் லத்தீன் பெயரும் போட்டிருந்தார்கள், ‘ஹெமிஎகைனஸ் ஆரிட்டஸ்’. அது நீளக்காது முள்ளெலி. ராஜஸ்தான், குஜராத் மாதிரி வறண்ட வடமேற்கில் இருப்பது. நம்ம ஊர் வெறும்வயிற்று முள்ளெலியின் பெயர் அந்த வரியில் இல்லை. பொதுப்பெயரைப் படித்தால் பாதுகாப்பு இருக்கிற மாதிரி தெரியும், லத்தீனைப் படித்தால் இருக்காது. 2022-ல் சட்டத்தைத் திருத்தி ஆறு அட்டவணைகளை நான்காக்கும் வரை ஐம்பது வருஷம் மெட்ராஸின் முள்ளெலி தன் பெயரில் வேறொருவர் உட்கார்ந்திருந்த நாற்காலிக்குப் பக்கத்தில் நின்றுகொண்டிருந்தது.

பெயரைச் சரியாக வைக்க விஞ்ஞானியாக இருக்க வேண்டும் என்றும் இல்லை. கடற்கரையில் கேட்டுப் பாருங்கள். தொட்டால் ஊதிக்கொள்ளும் மீனுக்கு மீனவர்கள் வைத்த பெயர் பேத்தை. அதிலேயே உடம்பெல்லாம் முள்ளுள்ளது முள்ளுப் பேத்தை. ஆங்கிலத்தில் அது போர்க்குபைன் ஃபிஷ். புத்தகத்தில் தமிழாக்குகிறவர் ‘முள்ளம்பன்றி மீன்’ என்று எழுதுவார். மீனவர் அதை அதன் சொந்தக்காரரோடு சேர்த்து வைக்கிறார், புத்தகக்காரர் கடலுக்குள்ளே பன்றியை இறக்குகிறார். யாருக்கு அந்தப் பிராணியோடு தினமும் வேலை இருக்கிறதோ அவர் இரண்டையும் ஒன்றாகக் குழப்ப மாட்டார். நம்மில் பெரும்பாலோருக்கு முள்ளம்பன்றியோடும் வேலை இல்லை, முள்ளெலியோடும் வேலை இல்லை. அதனால் ஒரு பெயர் போதும் என்று விட்டுவிட்டோம். ஒரு பெயரில் இரண்டு பேர் இருந்தால் சின்னவர்தான் முதலில் காணாமல் போவார்.

ஆங்கிலத்தில் முள்ளெலிக்கு ஹெட்ஜ்ஹாக்குக்கு முன்னால் இன்னொரு பெயர் இருந்தது, ‘அர்ச்சின்’. அந்தச் சொல் இப்போது விலங்கை விட்டுப் போய்விட்டது. கடலடியில் முள் உருண்டையாகக் கிடப்பது ஸீ அர்ச்சின், தமிழில் கடல் முள்ளெலி. தலை கலைந்து தெருவில் சுற்றும் பையன் ஸ்ட்ரீட் அர்ச்சின். நாமும் முடி குத்திட்டு நிற்கிற பையனை “என்னடா முள்ளம்பன்றி மாதிரி” என்றுதானே கேட்கிறோம்.

அடுத்த தடவை போனபோது அக்கா மகனின் தலையும் அப்படித்தான் நின்றது. அவனிடம் தோற்றதை ஒப்புக்கொண்டேன். ஒரு ரஃப் நோட்டில் இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வரைந்து காட்டினேன், பெரிசு ஒன்று, பந்து ஒன்று. சின்னதற்குக் கீழே அவனே ‘முள்ளெலி, மெட்ராஸ்’ என்று எழுதினான். பெரிசுக்குப் பழைய பெயர் ‘எய்’ என்றேன். ஒரே எழுத்துல முடிஞ்சிடுச்சே என்று அவனுக்கு அது ரொம்பப் பிடித்துவிட்டது. ஒரு எழுத்து இல்லைடா, இரண்டு என்று திருத்தினேன்.

நோட்டைத் தூக்கிக்கொண்டு பக்கத்து வீட்டு வாசலுக்கு ஓடினான். அவ்வா கண்ணாடியை மாட்டி இரண்டு படத்தையும் பார்த்தார். “ரெண்டும் முள்ள பந்திதானே” என்றார்.

“இல்ல அவ்வா,” என்று அவன் பக்கத்தில் உட்கார்ந்து முதலிலிருந்து சொல்ல ஆரம்பித்தான்.