வணிக வழக்குகளில் நீதிமன்ற அதிகார வரம்பு: கடலூர், சிதம்பரம்

வணிகத் தகராறு ஒன்றை எந்த ஊரில் உள்ள, எந்த நிலையிலான நீதிமன்றம் விசாரிக்கலாம் என்பதை அதிகார வரம்பு விதிகள் தீர்மானிக்கின்றன. இடம் சார்ந்த விதிகள் 1908ஆம் ஆண்டு உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 15 முதல் 20 வரையிலான பிரிவுகளில் உள்ளன. தொகை சார்ந்த எல்லையை 1873ஆம் ஆண்டு உரிமையியல் நீதிமன்றங்கள் சட்டம் வகுக்கிறது. கடலூர் மாவட்டத்தில் இந்தக் கேள்வி அடிக்கடி எழுவதற்கு நில அமைப்பே காரணம். வடக்கே சில கிலோமீட்டரில் புதுச்சேரி. தெற்கே சிதம்பரம் தாண்டிக் கொள்ளிடத்தைக் கடந்தால் மயிலாடுதுறை மாவட்டம். சரக்கு ஓரிடத்தில் ஏறி வேறிடத்தில் இறங்கும். பணம் மூன்றாவது ஊரில் உள்ள வங்கிக் கிளைக்கு வரும். புதுச்சேரி தனி ஒன்றியப் பகுதியாயினும், 1962 முதல் சென்னை உயர் நீதிமன்றத்தின் கீழேயே உள்ளது.

பிரதிவாதி குடியிருக்கும் அல்லது தொழில் செய்யும் இடத்திலும், வழக்கு மூலம் முழுவதுமாகவோ ஒரு பகுதியாகவோ எழுந்த இடத்திலும் வழக்குத் தொடரலாம் என்கிறது பிரிவு 20. பண்ருட்டி வியாபாரி ஒருவர் டெல்லிக்கு முந்திரிப் பருப்பு அனுப்பி, பணம் வரவில்லை என்று வைத்துக்கொள்வோம். ஒப்பந்தம் முடிவான இடம், சரக்கை ஒப்படைத்த இடம், பணம் செலுத்த வேண்டிய இடம் ஆகிய ஒவ்வொன்றும் வழக்கு மூலத்தின் பகுதி. பணம் தரும் இடம் பேசப்படாதபோது, கடன்பட்டவர்தான் கடன் கொடுத்தவரைத் தேடி வந்து தர வேண்டும் என்ற பொதுக் கொள்கையையும் நீதிமன்றங்கள் பலமுறை ஏற்றுள்ளன. எனவே டெல்லிக்கு ரயிலேறாமல் உள்ளூரிலேயே வழக்குப் போட வழியுண்டு. நிலம், கட்டடம் பற்றிய வழக்கு வேறு. சிதம்பரத்தில் உள்ள அரிசி ஆலையின் அடமானம் பற்றிய வழக்குக்கு, பிரிவு 16இன்படி அந்த ஆலை இருக்கும் இடமே முக்கியம். உரிமையாளர் எங்கே வசிக்கிறார் என்பது பொருட்டல்ல.

பில்லின் அடியில் பொடி எழுத்தில் அச்சிடப்படும் 'வழக்குகள் இன்ன ஊர் அதிகார வரம்புக்கு உட்பட்டவை' என்ற வரிக்கு வியாபாரிகள் தரும் மதிப்பு அதிகம்; சட்டம் தரும் மதிப்பு குறைவு. இயல்பாக அதிகாரமில்லாத நீதிமன்றத்துக்குத் தரப்பினர் கூடிப் பேசி அதிகாரம் வழங்க முடியாது என்று 1971இல் ஹக்கம் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறியது. இரண்டு நீதிமன்றங்களுக்கு அதிகாரம் இருந்தால் ஒன்றைத் தேர்ந்தெடுக்கலாம், அவ்வளவுதான். இதை விளக்கும் இரண்டு முன்னுதாரணங்கள் தமிழ்நாட்டிலிருந்தே சென்றவை. ஏ.பி.சி. லாமினார்ட் வழக்கில் குஜராத் நிறுவனம் தன் படிவத்தில் 'கைரா அதிகார வரம்பு' என்று அச்சிட்டிருந்தது. ஆனால் சேலம் வணிகர் சேலம் சார்பு நீதிமன்றத்திலேயே வழக்குத் தொடர்ந்தார். 'மட்டும்' போன்ற விலக்கும் சொல் இல்லாததால் சேலத்தின் அதிகாரம் போய்விடவில்லை என்று 1989இல் தீர்ப்பானது.

1991இல் வந்த பட்டேல் ரோட்வேஸ் வழக்கு இன்னும் சுவையானது. போடிநாயக்கனூரில் ஏலக்காய் மூட்டைகளை ஏற்றிக்கொண்ட லாரி நிறுவனத்தின் தலைமை அலுவலகம் பம்பாயில். ஒப்பந்தமும் பம்பாய் நீதிமன்றத்தையே குறித்தது. சரக்குக்கு இழப்பீடு கேட்டுப் பெரியகுளத்தில் வழக்கு. வழக்கு மூலம் எழுந்த ஊரிலேயே நிறுவனத்துக்குக் கிளை இருந்தால், அந்த ஊரில் தொழில் நடத்துவதாகவே கொள்ள வேண்டும். அப்போது தலைமை அலுவலகம் உள்ள வேறு ஊருக்கு அதிகாரம் வராது என்றது உச்ச நீதிமன்றம். பம்பாய்க்கே அதிகாரமில்லாததால் அந்த நிபந்தனையும் செல்லாமல் போனது. கடலூர், சிதம்பரம் பகுதியில் கிளை வைத்திருக்கும் வெளியூர் நிறுவனங்களோடு வியாபாரம் செய்வோர் நினைவில் வைக்க வேண்டிய தீர்ப்பு இது. 2013இல் ஸ்வஸ்திக் கேஸஸ் வழக்கில் 'மட்டும்' என்ற சொல் இல்லாவிட்டாலும், ஒரே ஊரைக் குறிப்பிட்டதே போதும் என்று உச்ச நீதிமன்றம் கூறியது. அதனால் சேலம் தீர்ப்பைக் காட்டி மட்டும் இன்று வாதாடுவது பலவீனமானது. இருப்பினும் பட்டேல் தீர்ப்பின் அடிப்படை அசையவில்லை.

சென்னையில் வழக்குத் தொடுத்தால் கணக்கு மாறும். உயர் நீதிமன்றத்தின் மூல வழக்குகளுக்குப் பிரிவு 20 பொருந்தாது. 1865ஆம் ஆண்டு லெட்டர்ஸ் பேட்டன்ட்டின் 12ஆம் கூறே பொருந்தும். வழக்கு மூலத்தின் ஒரு பகுதி மட்டும் சென்னையில் எழுந்திருந்தால் முன் அனுமதி பெற வேண்டும்.

2015ஆம் ஆண்டு வணிக நீதிமன்றங்கள் சட்டம் இந்தக் கட்டமைப்பின் மேல் ஓர் அடுக்கைச் சேர்த்தது. முதலில் 1 கோடி ரூபாயாக இருந்த குறைந்தபட்ச மதிப்பு 2018 திருத்தத்தில் 3 லட்சமானது. சிதம்பரம் கடைக்காரர் ஒருவரின் 4 லட்ச ரூபாய்ச் சரக்குப் பாக்கியும் அதற்குள் வந்துவிட்டது. ஊரிலேயே சார்பு நீதிமன்றம் இருந்தாலும், வணிக நீதிமன்றமாக அறிவிக்கப்பட்ட இடத்துக்கே வழக்கு போக வேண்டும். நண்பருக்குக் கொடுத்த கைமாற்று இந்த வகையில் சேராது. நிலத் தகராறு என்றால், அந்த நிலம் உண்மையில் வணிகத்துக்கே பயன்பட்டிருக்க வேண்டும் என்று அம்பாலால் சாராபாய் வழக்கில் 2019இல் தீர்ப்பளிக்கப்பட்டது. அவசர இடைக்கால நிவாரணம் கேட்காத வழக்கில் முதலில் சமரசம் முயல்வது கட்டாயம். 2022 பாட்டீல் ஆட்டோமேஷன் தீர்ப்பு இதை உறுதிசெய்தது. எதிர்வழக்குரைக்கு 120 நாளே எல்லை. அதைக் கடந்தால் தாக்கல் செய்யும் உரிமை போய்விடும்.

இடம் பற்றிய ஆட்சேபத்தை எழுவினாக்கள் வனையப்படுவதற்கு முன்பே சொல்லியாக வேண்டும். மேல்முறையீட்டில் திடீரென்று கிளப்பினால் உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் பிரிவு 21 தடுக்கும். தவறான இடத்தில் தாக்கலான பிராது, கட்டளை 7 விதி 10இன்படி, உரிய நீதிமன்றத்தில் தாக்கல் செய்யத் திருப்பித் தரப்படும். தவறான நீதிமன்றத்தில் உண்மையான அக்கறையோடு செலவிட்ட காலத்தை, 1963 காலவரையறைச் சட்டத்தின் பிரிவு 14இன்படி கழித்துக்கொள்ளலாம். காசோலை திரும்பிய வழக்கு குற்றவியல் சார்ந்தது; 2015 திருத்தத்துக்குப் பின், காசோலையைத் தன் கணக்கில் செலுத்தியவரின் வங்கிக் கிளை உள்ள ஊரே அதற்கான இடம். கடலூரில் கணக்கு வைத்திருப்பவர் கடலூரிலேயே தொடரலாம்.